கூலி மனுவிலிருந்து மக்கள் சாசனம் வரை: இங்கிலாந்துத் தொழிலாளரும் வாக்குரிமையும்

இங்கிலாந்தின் வடமேற்கே உள்ள லங்காஷயரில் 1800ஐ ஒட்டிய ஆண்டுகளில் பருத்தி நூல் ஆலைகளில் நூற்கப்பட்டாலும், துணி வீடுகளிலேயே நெய்யப்பட்டது. பல வீடுகளில் தறி போடுவதற்கென்றே அடியில் மண்தரை நிலவறை ஒன்று இருந்தது. ஈரம் இருந்தால்தான் பருத்தி இழை அறாமல் ஓடும். எனவே மாடியைவிட நிலவறையே தோதானது. மாவுக் கஞ்சியைத் தூரிகையால் பாவில் தடவி, விசிறியால் உலர்த்தி, அந்த அளவு பாவை நெய்து முடித்ததும் மறுபடி கஞ்சி தடவ வேண்டும். மனைவியும் பிள்ளைகளும் ஊடை நூலைச் சுற்றித் தருவார்கள். வியாபாரியின் கிடங்கில் நூல் வாங்கிவந்து, துணியாகக் கொண்டுபோய்க் கொடுத்து, குறை சொல்லிப் பிடித்ததுபோக மீதிக் கூலியைப் பெற்றுவருவது வழக்கம்.

வேலை நேரம் நெசவாளர் கையில் இருந்தது. திங்கட்கிழமை பலரும் தறியில் உட்காரமாட்டார்கள். ‘புனிதத் திங்கள்’ என்று அதற்கு வேடிக்கையாக ஒரு பெயர். விட்ட வேலையை வாரக் கடைசியில் விளக்கு வைத்து முடிப்பார்கள். தறிக்கு எதிரே புத்தகத்தைச் சாய்த்து வைத்துப் படித்துக்கொண்டே நெய்தவர்களும் உண்டு. நாட்டின் அரசியலை மாற்றக் கிளம்பிய கூட்டத்தில் பெரும் பகுதி இந்த வீடுகளிலிருந்து வந்தது என்பதை நினைவில் வைத்தால்தான் பின்னால் நடந்தவை விளங்கும்.

போல்டன் நகரத்து நெசவாளர் நூற்றாண்டின் தொடக்கத்தில் வாரத்துக்கு ஏறத்தாழ 25 ஷில்லிங் ஈட்டினார். 1830களின் தொடக்கத்தில் அது 6 ஷில்லிங்குக்கும் கீழே போய்விட்டது. விசைத்தறி வந்து கைத்தறியைக் கொன்றது என்று பொதுவாகச் சொல்லிவிடுகிறார்கள். அது பாதி உண்மைதான். விசைத்தறிகள் பெருகும் முன்பே கூலி சரியத் தொடங்கிவிட்டது. எளிதில் கற்கக்கூடிய தொழில் என்பதால் அயர்லாந்திலிருந்து வந்தவர்களும், நெப்போலியன் போர் முடிந்து திரும்பிய சிப்பாய்களும் தறியில் வந்து சேர்ந்தார்கள். கூலியைக் குறைத்துக் கேட்ட வியாபாரியைத் தடுக்க ஆளில்லை. 1799, 1800ஆம் ஆண்டுச் சட்டங்கள் தொழிலாளர் கூடிக் கூலி உயர்வு கேட்பதையே குற்றமாக்கியிருந்தன.

இந்த நிலையில் அவர்கள் நாடாளுமன்றத்திடம் முதலில் கேட்டது வாக்குரிமை அல்ல. குறைந்தபட்சக் கூலியைச் சட்டத்தால் நிர்ணயிக்கச் சொன்னார்கள். 1808இல் அதற்கான மசோதா நாடாளுமன்றத்தில் எடுபடவில்லை. மான்செஸ்டரில் கூடிய நெசவாளரைக் கலைக்கப் படை வந்தது. ஒருவர் சுட்டுக் கொல்லப்பட்டார். எலிசபெத் அரசி காலத்திலிருந்து ஏட்டில் இருந்த கூலி நிர்ணய விதிகளையும் 1813இல் நீக்கிவிட்டார்கள்; தொழில் பழகுநர் விதிகள் மறு ஆண்டு போயின. 1815இல் தானியச் சட்டம் வந்தது. உள்நாட்டுக் கோதுமை குவார்ட்டர் (அக்காலத் தானிய அளவை) ஒன்றுக்கு 80 ஷில்லிங்கைத் தொடும்வரை வெளிநாட்டுக் கோதுமையை விற்பனைக்கு விடக்கூடாது என்பது அதன் சாரம். நிலக்கிழாரின் வருமானத்துக்குச் சட்டப் பாதுகாப்பு உண்டு, நெசவாளர் கூலிக்குக் கிடையாது என்ற முரண்பாடு எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் புரிந்தது. சட்டம் செய்கிறவர்களை மாற்றாமல் கூலி உயராது என்ற முடிவுக்கு அவர்கள் இப்படி ஒவ்வொரு மறுப்பாகத்தான் வந்து சேர்ந்தார்கள்.

சட்டம் செய்தவர்கள் எப்படித் தேர்ந்தெடுக்கப்பட்டார்கள் என்பது தனிக் கூத்து. வில்ட்ஷயரில் ஓல்டு சேரம் என்ற இடத்தில் குடியிருப்பென்று ஏதுமில்லை. அந்த மேட்டுக்கு இரண்டு உறுப்பினர்கள். கிழக்குக் கரையில் டன்விச் பெரும்பாலும் கடலுக்குள் போய்விட்டது. அதற்கும் இரண்டு பேர். ஆலைகள் புகைந்த மான்செஸ்டருக்கு ஒருவர்கூட இல்லை.

1819 ஆகஸ்ட் 16 அன்று மான்செஸ்டர் செயின்ட் பீட்டர்ஸ் திடலில் நாடாளுமன்றச் சீர்திருத்தம் கேட்டு ஏறத்தாழ 60,000 பேர் கூடினார்கள். பேச வந்தவர் ஹென்றி ஹன்ட். சுற்றுவட்டாரக் கிராமங்களிலிருந்து ஞாயிற்றுக்கிழமை உடையில், கொடிகளோடும் வாத்தியங்களோடும் குடும்பம் குடும்பமாக வந்தார்கள். மிடில்டன் கிராமத்தவரை அழைத்துவந்த நெசவாளர் சாமுவேல் பாம்ஃபர்ட், ஒழுங்கு குலையாமல் வரிசையில் நடக்க அவர்களை முன்கூட்டியே பழக்கியிருந்தார். அந்த ஒழுங்கே நீதிபதிகளுக்குப் படைப்பயிற்சியாகத் தெரிந்தது. ஹன்டைக் கைது செய்ய உத்தரவிட்டு, உள்ளூர் வணிகர்களும் ஆலைக்காரர்களும் நிறைந்த குதிரைத் தொண்டர்படையைக் கூட்டத்துக்குள் ஏவினார்கள்; பின்னால் ராணுவக் குதிரைப்படையும் வந்தது. இறந்தவர்கள் 18 பேர் வரை. காயமடைந்தவர்கள் 600க்கு மேல். பெண்கள் சீர்திருத்தச் சங்கத்தார் வெள்ளுடையில் வந்திருந்தார்கள். அவர்களிலும் பலர் வெட்டுப்பட்டார்கள். தாயின் கையிலிருந்த இரண்டு வயதுக் குழந்தை ஒன்று குதிரை மோதி விழுந்து இறந்தது. காயம்பட்டுச் சில நாளில் இறந்த ஓல்டம் ஊர் ஜான் லீஸ், நான்கு ஆண்டுகளுக்கு முன் வாட்டர்லூவில் பிரிட்டன் பக்கம் போரிட்டவர். ‘பீட்டர்லூ’ என்ற பெயர் அந்தக் கசப்பில் பிறந்தது. நீதிபதிகளுக்கு அரசின் பாராட்டு வந்தது. ஹன்டுக்கு இரண்டரை ஆண்டு சிறை. அவ்வாண்டு இறுதியில் வந்த ஆறு சட்டங்கள் பொதுக்கூட்டங்களையும் மலிவுப் பத்திரிகைகளையும் நெருக்கின.

பத்திரிகை ஒவ்வொன்றுக்கும் 4 பென்னி முத்திரை வரி. வரி கட்டிய தாளின் விலை 7 பென்னி. தொழிலாளியால் வாங்க முடியாது. அரசின் நோக்கமும் அதுதான். ஹென்றி ஹெதரிங்டன் 1831இல் ‘புவர் மேன்ஸ் கார்டியன்’ இதழை முத்திரையில்லாமல், சட்டத்தை மீறுகிறோம் என்று தலைப்பிலேயே அறிவித்து, ஒரு பென்னிக்கு வெளியிட்டார். அவரும் சிறை சென்றார். முத்திரையற்ற தாள்களை விற்ற தெருவியாபாரிகள் நூற்றுக்கணக்கில் சிறைப்பட்டார்கள். 1836இல் வரி ஒரு பென்னியாகக் குறைந்தது.

ஆலைக்குள் நிலைமை வேறு. அங்கே நேரம் முதலாளியுடையது. மான்செஸ்டருக்கு அருகே டில்டெஸ்லியில் 1823இல் வேலைநிறுத்தம் செய்த நூற்பாளர்கள் வெளியிட்ட அபராதப் பட்டியல் இன்றும் படிக்கத் தக்கது: சன்னலைத் திறந்து வைத்தால் ஒரு ஷில்லிங், வேலை நேரத்தில் கைகால் கழுவினால் ஒரு ஷில்லிங், சீட்டியடித்தால் ஒரு ஷில்லிங். 1833ஆம் ஆண்டு ஆலைச் சட்டம் பெரும்பாலான நெசவு, நூற்பு ஆலைகளில் 9 வயதுக்குட்பட்ட குழந்தைகளை வேலைக்கு வைப்பதைத் தடுத்தது. 13 வயதுக்குட்பட்டவர்களுக்கு வாரம் 48 மணி நேரம் என்றது. மேற்பார்வைக்கு நாடு முழுவதற்கும் நான்கே இன்ஸ்பெக்டர்கள். பிறப்புப் பதிவு 1837இல்தான் தொடங்கியது. அதுவரை குழந்தையின் வயதை உயரத்தையும் தோற்றத்தையும் பார்த்து மருத்துவர் சான்றளித்தார். சட்டத்தின் ஓட்டை எவ்வளவு பெரிது என்று இதற்கு மேல் விளக்க வேண்டியதில்லை.

1832இல் சீர்திருத்தச் சட்டம் வந்தது. தொழிலாளர் நடத்திய ஊர்வலங்களும் எழுப்பிய அச்சமும் இல்லாமல் அது நிறைவேறியிருக்காது. பலன் நடுத்தர வகுப்பாருக்குப் போயிற்று. ஓல்டு சேரம் ஒழிந்தது, மான்செஸ்டருக்கு இரண்டு இடங்கள் கிடைத்தன. ஆனால் நகரங்களில் ஆண்டு மதிப்பு 10 பவுண்டு பெறும் வீட்டில் குடியிருப்பவருக்கே ஓட்டு. வாக்காளர் ஆண்களே என்று சட்டத்தில் முதன்முறையாக வெளிப்படையாக எழுதியும் வைத்தார்கள். பிரஸ்டன் நகரத்தில் அதுவரை வளர்ந்த ஆண்கள் அநேகமாக எல்லாருக்கும் ஓட்டு இருந்தது. 1830இல் அவர்கள் ஹன்டையே உறுப்பினராக அனுப்பியிருந்தார்கள். பழைய வாக்காளர்கள் இருக்கும்வரை உரிமை இருந்தது. அவர்கள் பிள்ளைகளுக்கு அது போய்விட்டது. சீர்திருத்தத்தால் ஓட்டை இழந்த ஏழைகளும் உண்டு என்பது பாடப்புத்தகங்களில் அதிகம் வராத செய்தி.

புதிய நாடாளுமன்றம் செய்த காரியங்கள் கசப்பை முற்றச் செய்தன. 1834இல் டார்செட் மாவட்டத்து டோல்பட்டிலைச் சேர்ந்த பண்ணைத் தொழிலாளர் ஆறு பேர், சங்கத்தில் சேர ரகசியப் பிரமாணம் எடுத்ததற்காக ஏழாண்டு நாடுகடத்தல் தண்டனை பெற்று ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பப்பட்டார்கள். பெருங்கிளர்ச்சிக்குப் பின் 1836இல் மன்னிப்பு கிடைத்தது. அதே 1834இல் புதிய ஏழைச் சட்டம். உழைக்கும் உடல் உள்ளவர் உதவி வேண்டினால் ஏழை விடுதிக்குள் போக வேண்டும். அங்கே கணவன் ஒரு பக்கம், மனைவி ஒரு பக்கம், பிள்ளைகள் வேறு பக்கம். வெளியே கிடைக்கும் மிக மோசமான வாழ்க்கையைவிட விடுதி வாழ்க்கை கீழாக இருக்க வேண்டும் என்பதே அதன் கொள்கை. ஆண்டோவர் விடுதியில், எருவுக்காக எலும்பு உடைக்க வைக்கப்பட்டவர்கள் பசியில் அந்த எலும்பில் ஒட்டியிருந்ததைக் கடித்துத் தின்றது 1845இல் அம்பலமாயிற்று. ஆண்டு முழுதும் உழைத்துவிட்டு வேலை முடங்கும் சில வாரங்களுக்கு உதவி பெற்றுவந்த கைத்தறிக்காரருக்கு இந்தச் சட்டம் நேரடி அவமானம்.

1838 மே மாதம் மக்கள் சாசனம் வெளிவந்தது. தயாரித்தது லண்டன் உழைக்கும் மக்கள் சங்கம். எழுதியதில் முக்கியப் பங்கு கார்ன்வாலிலிருந்து வந்த தச்சர் வில்லியம் லவெட்டுடையது. கோரிக்கைகள் ஆறு: 21 வயதான ஆண்கள் எல்லாருக்கும் ஓட்டு, ரகசிய வாக்களிப்பு, உறுப்பினராகச் சொத்துத் தகுதி கூடாது, உறுப்பினருக்குச் சம்பளம், சம அளவுள்ள தொகுதிகள், ஆண்டுதோறும் தேர்தல். முதல் வரைவில் பெண்களுக்கும் ஓட்டு இருந்தது. கோரிக்கை முழுவதும் கெட்டுவிடும் என்ற பயத்தில் அதை நீக்கினார்கள். ஆறில் ஒன்றுகூடக் கூலியைப் பற்றியோ ரொட்டியைப் பற்றியோ பேசவில்லை. ஆனால் அவ்வாண்டு மான்செஸ்டருக்கு வெளியே கெர்சல் மூர் திடலில் பேசிய பாதிரியார் ஜோசப் ரெய்னர் ஸ்டீபன்ஸ், வாக்குரிமை என்பதே சாப்பாட்டுப் பிரச்சினைதான் என்ற பொருளில் பேசினார். வடக்கத்தித் தொழிலாளர் சாசனத்தை அப்படித்தான் படித்தார்கள்.

இயக்கத்தை ஊர் ஊராகக் கொண்டுசென்றது லீட்ஸிலிருந்து 1837 முதல் வெளிவந்த ‘நார்தர்ன் ஸ்டார்’ வார இதழ். உரிமையாளர் அயர்லாந்துக்காரரான ஃபியர்கஸ் ஓகானர். நாலரை பென்னி விலையுள்ள தாளை நான்கைந்து பேர் காசு சேர்த்து வாங்கி, மதுக்கடையிலோ பட்டறையிலோ ஒருவர் உரக்கப் படிக்க மற்றவர்கள் கேட்டார்கள். மூலையிலுள்ள சிற்றூரில் இருபது பேர் கூடிய கூட்டத்தின் செய்தியும் அதில் அச்சாகும். தலைவர்களின் படங்களை இதழோடு இணைப்பாகத் தருவார்கள். அவை வீட்டுச் சுவர்களில் ஏறின.

1839இல் ஏறத்தாழ 12,80,000 கையெழுத்துகளுடன் முதல் மனு போயிற்று. அதைப் பரிசீலிக்கவே 235க்கு 46 என்ற கணக்கில் அவை மறுத்தது. நவம்பர் 4 அன்று தென் வேல்ஸ் சுரங்கத் தொழிலாளரும் இரும்பு உருக்காலைக்காரரும் ஆயிரக்கணக்கில் இரவு மழையில் நடந்து நியூபோர்ட் நகருக்குள் வந்தார்கள். வெஸ்ட்கேட் ஹோட்டலுக்குள்ளிருந்து சிப்பாய்கள் சுட்டதில் இருபதுக்கு மேற்பட்டோர் இறந்தார்கள். தலைமை தாங்கிய ஜான் ஃப்ராஸ்ட் துணிக்கடைக்காரர், அதே நகரின் முன்னாள் மேயர். அவருக்கு விதித்த மரண தண்டனை டாஸ்மேனியாவுக்கு நாடுகடத்தலாகக் குறைக்கப்பட்டது.

1842ஆம் ஆண்டு மனுவில் 33 லட்சத்துக்கு மேல் கையெழுத்துகள். ஒட்டிய தாள்களின் நீளம் ஆறு மைலுக்கு மேல். சுமந்துவந்த தொழிலாளரால் அதை அவையின் வாயிலுக்குள் நுழைக்க முடியாமல், பிரித்து உள்ளே குவித்தார்கள். அரசிக்கு ஒரு நாளைக்கு 164 பவுண்டு 17 ஷில்லிங் 10 பென்னி. ஆயிரக்கணக்கான தொழிலாளர் குடும்பங்களில் தலைக்கு ஒரு நாளைக்கு 3¾ பென்னி என்று மனுவே கணக்குப் போட்டுக் காட்டியது. எதிர்த்துப் பேசியவர்களில் ஒருவர் மெக்காலே. எட்டு ஆண்டுக்கு முன் சென்னையில் கப்பல் இறங்கி உதகமண்டலத்தில் தங்கி, மறு ஆண்டு ஆங்கிலக் கல்விக் குறிப்பை எழுதிய அதே மெக்காலேதான். எல்லாருக்கும் ஓட்டுக் கொடுத்தால் சொத்தும் நாகரிகமும் நிலைக்காது என்பது அவர் வாதம். 287க்கு 49 என்று மனு தோற்றது.

அந்த ஆகஸ்டில் கூலிக் குறைப்பை எதிர்த்து எழுந்த வேலைநிறுத்தம் லங்காஷயர் முழுதும் பரவியது. ஊர்வலமாகப் போனவர்கள் ஆலைக் கொதிகலனின் அடைப்பானைப் பிடுங்கிவிடுவார்கள். நீர் வடிந்து நீராவி அடங்கி ஆலை நின்றுவிடும். இயந்திரம் உடைபடாது, மறுபடி நீர் நிரப்பினால் ஓடும். முப்பது ஆண்டுக்கு முன் சம்மட்டியோடு இயந்திரங்களை உடைத்தவர்களின் அடுத்த தலைமுறை இவ்வளவு நிதானத்துக்கு வந்திருந்தது. பிரஸ்டனில் படையினர் சுட்டு நால்வர் இறந்தார்கள். கூலிக்காகத் தொடங்கிய பல ஊர்க் கூட்டங்களில், சாசனம் சட்டமாகும்வரை வேலைக்குத் திரும்புவதில்லை என்று தீர்மானம் போட்டார்கள். பசி சில வாரங்களில் அதை முறித்தது.

1848 ஏப்ரல் 10 அன்று லண்டன் கென்னிங்டன் திடலில் கூடிய மூன்றாவது மனுக் கூட்டத்தைத்தான் பலரும் கேலியாக நினைவுகூர்கிறார்கள். 57 லட்சம் கையெழுத்து என்று ஓகானர் சொன்னார். அவையின் எழுத்தர்கள் எண்ணி 19 லட்சத்துச் சொச்சம் என்றார்கள், அரசி பெயரிலும் போலிக் கையெழுத்து இருந்தது என்றார்கள். அதைச் சிரித்துத் தள்ளிய பத்திரிகைகள், 19 லட்சம் என்பதே அன்றைய வாக்காளர் தொகையைப் போல் ஏறத்தாழ இரு மடங்கு என்பதைக் கவனிக்கவில்லை. லண்டன் சாசனக்காரர்களின் தலைவர்களில் ஒருவரான தையற்காரர் வில்லியம் கஃபே, மேற்கிந்தியத் தீவில் அடிமையாகப் பிறந்து விடுதலை பெற்றவரின் மகன். அவ்வாண்டு சதி வழக்கில் டாஸ்மேனியாவுக்கு நாடுகடத்தப்பட்டு அங்கேயே 1870இல் இறந்தார்.

மனுக்கள் தோற்றுக்கொண்டிருந்தபோதே இயக்கத்தில் பழகியவர்கள் வேறு வேலைகளிலும் இறங்கினார்கள். ஓகானரின் நிலத் திட்டத்தில் எழுபதாயிரம் பேர் அளவில் பங்கு வாங்கினார்கள். குலுக்கலில் வென்ற சிலருக்கு வீடும் இரண்டு முதல் நான்கு ஏக்கர் நிலமும் கிடைத்தன. 1851இல் அது கலைக்கப்பட்டது. கணக்கில் அது கைகூடாத திட்டம். ஆலை மணியிலிருந்து தப்ப நினைத்தவரின் ஆசை என்ற அளவில் புரிந்துகொள்ளக் கூடியது. நிலைத்தது ராச்டேல் ஊரின் கூட்டுறவுக் கடை. 1844 டிசம்பர் 21 அன்று, சாசனக்காரரும் நெசவாளரும் கலந்த 28 பேர் கொண்ட சங்கம் டோட் லேன் தெருவில் மாவு, வெண்ணெய், சர்க்கரை, ஓட்ஸ், சில மெழுகுவத்திகள் ஆகியவற்றோடு அதைத் திறந்தது. கலப்படமில்லாத சரக்கு, சரியான எடை, வாங்கிய அளவுக்கேற்ப லாபப் பங்கு என்ற அந்த ஏற்பாடு உலகெங்கும் பரவியது. சென்னையில் 1904இல் தொடங்கிய திருவல்லிக்கேணி நகரக் கூட்டுறவுச் சங்கமும் அந்த வழியில் வந்ததே.

சாசனத்தின் கோரிக்கைகள் தவணை முறையில் நிறைவேறின. உறுப்பினருக்கான சொத்துத் தகுதி 1858இல் போயிற்று. 1867இல் நகரத் தொழிலாளரில் தனி வீட்டில் குடியிருந்தவர்கள் ஓட்டுப் பெற்றார்கள். வாக்காளர் தொகை ஏறத்தாழ இரு மடங்கானது. ரகசிய வாக்களிப்பு 1872இல் வந்தது. முதலாளியோ நிலக்கிழாரோ அருகில் நிற்க, வாய்விட்டுப் பெயர் சொல்லி ஓட்டுப் போட்ட காலம் அதோடு முடிந்தது. 1884இல் நாட்டுப்புறத் தொழிலாளரும் சுரங்கத்தாரும் வாக்காளரானார்கள். மறு ஆண்டு தொகுதிகள் பெருமளவு சமமாக்கப்பட்டன. அப்போதும் வீட்டு வேலைக்காரரும், பெற்றோர் வீட்டில் தங்கியிருந்த மகன்களும் வெளியே நின்றார்கள். 1911இல் உறுப்பினருக்கு ஆண்டுக்கு 400 பவுண்டு சம்பளம் ஏற்பட்டது. 21 வயதான எல்லா ஆண்களுக்கும் 1918இல்தான் ஓட்டு. பெண்களுக்கு அதே ஆண்டு 30 வயதும் சில தகுதிகளும் விதித்து, 1928இல் ஆணுக்குச் சமமாக. ஆண்டுதோறும் தேர்தல் என்ற ஆறாவது கோரிக்கையை யாரும் ஏற்கவில்லை. நாடாளுமன்றத்தின் அதிகபட்ச ஆயுள் மட்டும் 1911ஆம் ஆண்டுச் சட்டத்தால் ஏழிலிருந்து ஐந்தாண்டாகக் குறைந்தது.