அடையாற்றில் எழுதப்பட்ட ஜெர்மன் இந்தியவியல்: ஷ்ராடரின் பாஞ்சராத்திர நூலை மறுபடி வாசித்தல்

ஜெர்மன் இந்தியவியலைக் கண்டிக்கும் ஆய்வு மரபொன்று கடந்த சில பத்தாண்டுகளில் வலுப்பெற்றுள்ளது. ஜெர்மானியர் சம்ஸ்கிருத நூல்களில் தேடியது தம் தேசத்தின் முன்வரலாற்றை. புராட்டஸ்டன்ட் இறையியல் விவிலியத்துக்குச் செய்ததை அவர்கள் கீதைக்கும் மகாபாரதத்துக்கும் செய்தார்கள். உரை, வழிபாடு, சம்பிரதாயம் எல்லாவற்றையும் பிற்காலப் படிவு என்று ஒதுக்கிவிட்டு அடியில் ஒரு தூய மூலத்தைத் தோண்டினார்கள் என்பது அதன் சாரம். இதில் பெரும்பகுதி எனக்கும் உடன்பாடே. ரிச்சர்ட் கார்பே 1905இல் வெளியிட்ட கீதை மொழிபெயர்ப்பில், இடைச்செருகல் என்று தாம் முடிவுகட்டிய சுலோகங்களைச் சிறிய எழுத்தில் அச்சிட்டார். அந்தப் பக்கங்களைப் புரட்டியவர் இந்த வாதத்தை எளிதில் தள்ளிவிட மாட்டார். ஆனால் அதே போர்வையை ஃப்ரீட்ரிக் ஓட்டோ ஷ்ராடர் மீதும் போர்த்துவது சரியா என்பதே என் கேள்வி. வைணவ ஆகம மரபான பாஞ்சராத்திரம் பற்றி 1916இல் அடையாறு நூலகம் வெளியிட்ட அவருடைய அறிமுக நூலை அந்த விமர்சன மரபு வாசிக்கும் விதம் தவறு என்று கருதுகிறேன்.

ஷ்ராடர் ஜெர்மன் இந்தியவியலின் நடுக்கூடத்தில் பயின்றவர்தான். 1871இல் பிரான்சிடமிருந்து ஜெர்மனி எடுத்துக்கொண்ட அல்சாஸில், அந்த மண்ணை ஜெர்மானியமாக்கும் நோக்கமும் சேர்ந்து 1872இல் நிறுவப்பட்டது ஸ்ட்ராஸ்பூர்க் பல்கலைக்கழகம். மகாவீரர், புத்தர் காலத்து இந்தியத் தத்துவ நிலை குறித்த அவருடைய ஆய்வேடு 1902இல் அங்கிருந்துதான் வந்தது. 1905இல் பிரம்மஞான சபையின் அடையாறு நூலகத்துக்கு இயக்குநராக வந்தார். 1908இல் உபநிடதச் சுவடிகளின் விளக்க அட்டவணை, 1912இல் சந்நியாச உபநிடதங்களின் பதிப்பு, 1916இல் பாஞ்சராத்திர மூலநூல்களான சங்கிதைகளுள் ஒன்றான அஹிர்புத்ன்ய சங்கிதையும் அதற்கான அறிமுக நூலும் என்று பணி தொடர்ந்தது.

சர்ச்சைக்குரிய இடம் அந்த அறிமுக நூலில் இருக்கிறது. பழைய சங்கிதைகள் வடக்கில் தோன்றின, பின்னர் தெற்கே வந்தன, தெற்கில் புதியவை எழுந்தன என்கிறார் ஷ்ராடர். அஹிர்புத்ன்ய சங்கிதை காஷ்மீரத்தில் இயற்றப்பட்டதாகவும் முடிவு செய்கிறார். மூலம் வடக்கு, வழிவந்தது தெற்கு. தூய்மை அங்கே, கலப்பு இங்கே. கார்பே கீதையில் போட்ட கோட்டை ஷ்ராடர் நிலப்படத்தில் போட்டார் என்று விமர்சகர்கள் இதைப் படிக்கிறார்கள். தமிழ் வாசகருக்கு இந்தக் குற்றச்சாட்டு சட்டென்று உறைக்கும் என்பதையும் சொல்ல வேண்டும். திருவரங்கத்திலும் காஞ்சியிலும் இன்றுவரை பாஞ்சராத்திர வழிபாடு நடக்கிறது. அதன் பிறப்பிடத்தை இமயத்தடிவாரத்தில் காட்டும் ஒரு ஜெர்மானியரைச் சந்தேகத்தோடு பார்ப்பது இயல்பே.

ஆனால் அந்தக் கூற்று நூலில் எந்த இடத்தில் நிற்கிறது, என்ன வேலை செய்கிறது என்று பார்க்க வேண்டும். நூல் மூன்று பகுதிகளாக அமைந்தது: பாஞ்சராத்திர இலக்கியம், பாஞ்சராத்திரத் தத்துவம், இறுதியில் அஹிர்புத்ன்ய சங்கிதை. காஷ்மீரம் பற்றிய முடிவு மூன்றாம் பகுதிக்கு உரியது. தத்துவத்தை விளக்கும் நடுப்பகுதி அந்த முடிவைச் சார்ந்திருக்கவில்லை. மூலத்தைத் தேடுபவர் முதலில் தொன்மையானதைப் பிரித்தெடுத்து, அதை மட்டுமே வைத்துத் தத்துவம் கட்டுவார். ஷ்ராடரின் முறையோ நேர்மாறானது. லக்ஷ்மி கிரியையாகவும் பூதியாகவும் விழித்தெழுவதையும், ஆறு குணங்கள் இரண்டிரண்டாகப் பிரிந்து வியூகங்கள் எனப்படும் இறைவெளிப்பாடுகளில் அமைவதையும் (சங்கர்ஷணரிடம் ஞானமும் பலமும், பிரத்யும்னரிடம் ஐசுவரியமும் வீரியமும், அநிருத்தரிடம் சக்தியும் தேஜசும்) விளக்கும்போது பழையது, பிந்தையது என்ற வேலியை அவர் மதிக்கவே இல்லை. லக்ஷ்மி தந்திரம், பாத்ம தந்திரம் எல்லாம் ஒரே பந்தியில் அமர்கின்றன.

இதைவிட முக்கியமான சான்று ஒன்று உண்டு. பிள்ளை லோகாசாரியரின் தத்வத்ரயத்தையும் அதற்கு மணவாள மாமுனிகள் எழுதிய வியாக்கியானத்தையும் ஷ்ராடர் திரும்பத் திரும்பத் துணைக்கு அழைக்கிறார். விஷ்வக்சேன சங்கிதையின் வாக்கியங்களை அந்த வியாக்கியானத்தின் மேற்கோள்கள் வழியாகவே பயன்படுத்துகிறார். 8ஆம் நூற்றாண்டுக்கு முற்பட்டதென்று தாமே கருதிய ஒரு சங்கிதையைப் புரிந்துகொள்ள, அதற்குப் பல நூற்றாண்டுகள் பிற்பட்ட திருவரங்கத்து ஆசாரியர்களிடம் போகிறார். கார்பேயின் முறைப்படி இது செய்யக்கூடாத காரியம். சிறிய எழுத்தில் போட வேண்டியவர்களை ஷ்ராடர் சாட்சிக் கூண்டில் ஏற்றியிருக்கிறார். காஷ்மீரத்தை அவர் சொன்னது தெற்கைத் தள்ளிவைப்பதற்காக என்றால், தெற்கின் உரையாசிரியர்களுக்கு இந்த இடம் எப்படிக் கிடைத்தது? விமர்சன மரபிடம் இதற்கு விடை இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. காஷ்மீர முடிவு சரியா தவறா என்பது வேறு விவகாரம். அதை இங்கே நான் எடுக்கவில்லை.

சங்கிதைப் பதிப்பின் முகப்புப் பக்கத்தையும் இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். பதிப்பாசிரியராக அங்கே அச்சாகியிருக்கும் பெயர் எம். டி. ராமானுஜாசாரியர். ஷ்ராடரின் மேற்பார்வையில் பதிப்பித்தார் என்பது குறிப்பு. மேற்பார்வை என்பதில் ஒரு படிநிலை இருக்கத்தான் செய்கிறது. அதை மழுப்ப வேண்டியதில்லை. ஆயினும் ஐரோப்பியர் பெயரில் வெளிவந்த எத்தனையோ பதிப்புகளில் பண்டிதருக்குக் கிடைத்தது முன்னுரையில் ஒரு நன்றி வாக்கியம் மட்டுமே. இங்கே நூலின் உடைமை அவர் பெயரில் இருக்கிறது. மயிலாப்பூரில் 1906இல் சம்ஸ்கிருதக் கல்லூரி தொடங்கியிருந்தது. அடையாற்றின் வடகரையில் சாஸ்திரக் கல்வி புதிய நிறுவன உருவம் எடுத்துக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில்தான் தென்கரையில் இந்தப் பணி நடந்தது. தவறாகப் பொருள் சொன்னால் திருத்துவதற்கு ஆள் பக்கத்திலேயே இருந்த சூழல் அது.

வலுவான ஆட்சேபம் ஒன்றுண்டு. இதே ஷ்ராடர் கீதையின் ஆதி வடிவம் பற்றி 1910இல் ஜெர்மன் கீழைத்தேயக் கழகத்தின் இதழில் எழுதினார். 1930இல் கீதையின் காஷ்மீரப் பாடமே பழையது என்று ஒரு நூலும் வெளியிட்டார். அப்படியானால் அவரும் மூலவேட்டைக்காரர்தானே? கீதையைப் பொறுத்தவரை, ஆம். 1910 கட்டுரை அவர் அடையாற்றில் இருந்தபோதே எழுதியது என்பதால், ஊர் மாறியதும் மனமும் மாறிவிட்டது என்று நான் வாதிட முடியாது. அதனால்தான் கீதையையும் பாஞ்சராத்திரத்தையும் அவர் அணுகியதில் உள்ள இந்த வேறுபாடு எனக்கு முக்கியமாகப் படுகிறது. கீதை விவாதம் ஜெர்மனியின் இதழ்களில் நடந்தது. அங்கே பேச வேண்டுமென்றால் அங்குள்ள கேள்விக்கே விடை சொல்ல வேண்டும். பாஞ்சராத்திரத்துக்கு ஜெர்மனியில் அப்படியொரு விவாதமே இல்லை. அதன் சுவடிகளும் அதை அறிந்தவர்களும் இருந்தது இங்கே. ஆங்கிலத்தில் எழுதி அடையாற்றிலேயே அச்சிட்டதும் இந்தக் காரணத்தோடு பொருந்துகிறது. ஓர் அறிஞரின் முறையைத் தீர்மானிப்பது அவர் பிறந்த தேசம் என்பதைவிட, அவர் யாருக்கு விடை சொல்லக் கடமைப்பட்டிருக்கிறார் என்பதே என்று இதிலிருந்து கொள்கிறேன்.

தென்னாட்டு மரபிடம் ஷ்ராடர் காட்டிய பரிவுக்குப் பிரம்மஞானமே காரணம் என்பார் உண்டு. அது நிற்காது. காலனிகள் வேண்டுமென்று ஜெர்மனியில் முன்னின்று எழுதிய ஹ்யூபே-ஷ்லைடனும் பிரம்மஞானிதான். 1912–13இல் அடையாற்றின் தலைமையை மறுத்துத் தனி இயக்கம் கண்ட ருடால்ஃப் ஸ்டைனரும் அதுவரை அச்சபையின் ஜெர்மன் கிளையின் பொதுச் செயலாளர். ஒரே சபை மூன்று வெவ்வேறு மனிதர்களைத் தந்திருக்கும்போது சபையைக் காரணம் காட்டி என்ன பயன்?

தேசம் ஷ்ராடரை விட்டுவிடவும் இல்லை. 1914 செப்டம்பர் 22 இரவு ஜெர்மன் போர்க்கப்பலான எம்டன் சென்னைத் துறைமுகத்தின் எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்தியபின் இந்நகரில் ஜெர்மானியராக இருப்பதன் பொருள் மாறிப்போனது. அப்போது பிரம்மஞான சபையின் தலைவராக இருந்த அன்னி பெசன்ட் தம் எழுத்தில் ஜெர்மனியைத் தீய சக்திகளின் கருவி என்றே சாடினார். போர்க்காலத்தில் ஷ்ராடர் அகமத்நகர் முகாமில் அடைக்கப்பட்டார். அவருடைய நூலை வெளியிட்ட நிறுவனத்தின் தலைவரே அவருடைய நாட்டை அப்படி எழுதிக்கொண்டிருந்தார். பாஞ்சராத்திர நூல் இந்த நெருக்கடிக்கு நடுவே வெளிவந்தது என்பதை ஜெர்மன் இந்தியவியல் வரலாறுகள் ஓர் அடிக்குறிப்புக்கு மேல் பொருட்படுத்துவதில்லை. பல்கலைக்கழக இருக்கைகளையே ஜெர்மன் இந்தியவியல் என்று கொண்டதன் விளைவு இது.

அந்த இருக்கைகளில் ஒன்று பிறகு அவருக்கும் கிடைத்தது. 1921 முதல் கீல் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர். ஆரிய மூலம் பற்றிய பேச்சு ஜெர்மனியில் கல்விக்கூடங்களைத் தாண்டிப் பரவிக்கொண்டிருந்த ஆண்டுகள் அவை. 1925இல் அவர் எழுதிய நீண்ட கட்டுரை திராவிட மொழிகளுக்கும் யுராலிய மொழிகளுக்கும் உள்ள உறவை ஆராய்கிறது. அந்த உறவை இன்று பலர் ஏற்பதில்லை. இருந்தாலும், கீலில் அமர்ந்து சம்ஸ்கிருதம் கற்பித்த ஒருவரைத் திராவிட மொழிகளின் பக்கம் திருப்பியது எது என்று கேட்டால், ஸ்ட்ராஸ்பூர்க்கில் அதற்கான தடயம் எதுவும் இல்லை. அடையாற்றில் கழிந்த ஆண்டுகளில் இருக்கிறது.