விழுப்புரம் வட்டாரத் தொல்தமிழ்க் கல்வெட்டுகள்

விழுப்புரம் வட்டாரத் தொல்தமிழ்க் கல்வெட்டுகள் என்பன விழுப்புரம், திண்டிவனம், செஞ்சி, திருக்கோவிலூர் ஆகிய ஊர்களைச் சுற்றியுள்ள குன்றுகளில் காணப்படும் தமிழ்ப் பிராமி, தொல்வட்டெழுத்துக் கல்வெட்டுகளின் தொகுதியாகும். இவை கி.பி. முதலாம் நூற்றாண்டு முதல் ஆறாம் நூற்றாண்டு வரையிலான காலத்தைச் சேர்ந்தவை என ஐராவதம் மகாதேவன் கணித்துள்ளார். ஜம்பை, தொண்டூர், நெகனூர்ப்பட்டி, பறையன்பட்டு, திருநாதர்குன்று ஆகியன இவற்றுள் முதன்மையானவை. பெரும்பாலானவை ஓரிரு வரிகளே கொண்டவை. எனினும் தமிழ் எழுத்தின் வளர்ச்சி, சங்க கால அரசியல், தமிழகச் சமணத்தின் வரலாறு ஆகிய மூன்றுக்கும் இவை நேரடிச் சான்றுகளாக விளங்குகின்றன.

இவ்விடங்கள் முன்னர்த் தென்னார்க்காடு மாவட்டத்தில் அடங்கியிருந்தன. 1993 இல் விழுப்புரம் மாவட்டம் உருவாக்கப்பட்டது. 2019 இல் அதிலிருந்து கள்ளக்குறிச்சி மாவட்டம் பிரிக்கப்பட்டபோது திருக்கோவிலூர் வட்டமும் அதனுடன் ஜம்பையும் புதிய மாவட்டத்திற்குச் சென்றன. பழைய நூல்களில் ஒரே ஊர் மூன்று மாவட்டப் பெயர்களில் குறிக்கப்பட்டிருப்பதற்கு இதுவே காரணம்.

எழுத்தும் மொழியும்

இந்தியாவின் பிராமி எழுத்தை ஜேம்ஸ் பிரின்செப் 1837 இல் படித்தறிந்தார். ஆயினும் தமிழகக் குகைகளில் இருந்த கல்வெட்டுகள் அதற்குப் பின்னரும் பல பத்தாண்டுகள் புதிராகவே இருந்தன. எழுத்துகளைப் பெரும்பாலும் அடையாளம் காண முடிந்தது. சொற்கள் பொருள் தரவில்லை. அவற்றின் மொழி பாளி அல்லது பிராகிருதமாகவே இருக்கும் என்ற முன்முடிவு தடையாக இருந்தது. பிராகிருதத்தில் இல்லாத ற, ன, ழ, ள ஆகிய ஒலிகளுக்குரிய குறிகள் அவற்றில் இருப்பதையும், வர்க்க எழுத்துகள் பெரும்பாலும் இல்லாததையும் கொண்டு, மொழி தமிழே என்று கே. வி. சுப்பிரமணிய ஐயர் 1924 இல் நிறுவினார்.

இத்தாலியின் எத்துருசுக்கர் விட்டுச்சென்ற எழுத்துகளுடன் இந்நிலையை ஒப்பிடலாம். எத்துருசுக்க எழுத்து கிரேக்க நெடுங்கணக்கிலிருந்து வந்தது. எனவே அதை எவரும் ஒலித்துப் படிக்க இயலும். பத்தாயிரத்திற்கும் மேற்பட்ட கல்வெட்டுகளும் கிடைத்துள்ளன. ஆனால் அம்மொழி இந்தோ-ஐரோப்பிய மொழிக் குடும்பத்தைச் சேர்ந்ததன்று. வழிவந்த மொழி எதுவும் இன்று இல்லை. ஆகவே பெயர்களையும் சில நூறு சொற்களையும் தவிர மற்றவற்றின் பொருள் இன்னும் முழுமையாகத் தெளியவில்லை. 1964 இல் பிர்கி என்னுமிடத்தில் பீனீசிய மொழியுடன் இணைந்த பொற்றகடுகள் கிடைத்தபோது கூட ஓரளவே வெளிச்சம் கிடைத்தது. தமிழகக் குகைகளில் நிலைமை தலைகீழானது. இங்கு மறக்கப்பட்டது எழுத்து. மொழி மலையடிவார ஊர்களில் பேச்சு வழக்கிலேயே இருந்தது.

எழுத்து முறையிலும் ஒரு சிக்கல் இருந்தது. மிகப் பழைய தமிழ்ப் பிராமியில் மேற்குறி இல்லாத உருவம் மெய்யெழுத்தைக் குறித்தது. பக்கக் கோடு இட்ட உருவம் குறிலாகவோ நெடிலாகவோ இருக்கலாம். அதாவது 'கா' என வடக்கே படிக்கப்படும் உருவம் இங்கு 'க' ஆகவும் இருக்கக்கூடும். பின்னர் வந்த முறையில் கோடு நெடிலுக்கு மட்டும் உரியதாயிற்று. ஆனால் வெறும் உருவம் 'க்' என்றோ 'க' என்றோ நின்றது. புள்ளி பயன்பாட்டிற்கு வந்த பின்னரே இம்மயக்கம் தீர்ந்தது. இவற்றை மூன்று கட்டங்களாக வகைப்படுத்திக் காட்டியவர் மகாதேவன்.

ஜம்பைக் கல்வெட்டு

திருக்கோவிலூருக்கு அண்மையிலுள்ள ஜம்பையில், தாசிமடம் எனப்படும் இயற்கைக் குகைத்தளத்தில் இக்கல்வெட்டு உள்ளது. தமிழ்நாடு தொல்லியல் துறை, இரா. நாகசாமி அதன் இயக்குநராக இருந்த காலத்தில், 1981 இல் இதைக் கண்டறிந்தது. அதன் வாசகம் "ஸதியபுதோ அதியந் நெடுமாந் அஞ்சி ஈத்த பாளி" என்பதாகும். சதியபுத்திரனாகிய அதியன் நெடுமான் அஞ்சி கொடுத்த உறைவிடம் என்பது இதன் பொருள். பாளி என்பது துறவியர் தங்கும் பள்ளி.

ஏழு சொற்களுக்கும் குறைவான இவ்வரி, நூறாண்டுகளுக்கும் மேலாக நடந்த ஒரு விவாதத்தை முடித்து வைத்தது. அசோகரின் இரண்டாம் பாறைக் கட்டளையில் அவரது ஆட்சிக்கு அப்பாற்பட்ட தெற்கத்தியராகச் சோழர், பாண்டியர், சதியபுத்திரர், கேரளபுத்திரர் ஆகியோர் குறிப்பிடப்படுகின்றனர். மற்ற மூவரும் யாரென்பதில் ஐயமில்லை. சதியபுத்திரரை மட்டும் சத்தியமங்கலம், காஞ்சிபுரம், துளு நாடு, மராட்டிய நாடு என ஒவ்வோர் அறிஞரும் ஒவ்வோர் இடத்தில் தேடினர். கோசரே சதியபுத்திரர் என்ற கருத்தும் செல்வாக்குடன் இருந்தது.

கல்வெட்டு கிடைப்பதற்கு வெகு முன்னரே விடையை நெருங்கியவர்கள் உண்டு. கே. ஜி. சேசையர் 1930களில் சதியபுத்திரர் அதியமான்களே என்றார். மொழியியலாளர் தாமசு பரோ 1940களின் இறுதியில் தென் திராவிட மொழிகளில் சொல் முதல் சகரம் கெடுவதைப் பற்றி எழுதியபோது இதற்கு ஒலியியல் அடிப்படையும் கிடைத்தது. சமணர் என்பது அமணர் என்றும், வடமொழியின் சகசிரம் ஆயிரம் என்றும் வழங்குவது போலவே சதிய என்பது அதிய என்றாகும். புதோ என்பது மகன். தமிழில் மகன் என்பது குடிப்பெயர்களின் ஈற்றில் மான் எனச் சுருங்கும். மலையமான், சேரமான் என்பன போல. எனவே சதியபுதோ என்பதைத் தமிழாக்கினால் அதியமான் என்றே வரும். ஏட்டளவில் போடப்பட்ட இக்கணக்கின் இரு பக்கங்களையும் ஜம்பைப் பாறை அடுத்தடுத்து எழுதிக் காட்டியது.

விடை இவ்வளவு கச்சிதமாக அமைந்ததாலேயே, இது பிற்காலப் போலியாக இருக்கலாமோ என்ற ஐயமும் எழுந்தது. எழுத்தமைதியை ஆராய்ந்த மகாதேவன் கல்வெட்டு மெய்யானதே என ஏற்றுக் கி.பி. முதலாம் நூற்றாண்டுக்கு உரியதாகக் கொண்டார். இதனினும் முற்பட்டது என்போரும் உளர். பொருந்தல், கீழடி அகழாய்வுகளில் எழுத்துப் பொறித்த பானை ஓடுகளுடன் தொடர்புடைய மண்ணடுக்குகளுக்குக் கி.மு. ஐந்து, ஆறாம் நூற்றாண்டுக் காலக்கணிப்புகள் வந்த பின்னர் தமிழ்ப் பிராமியின் தொடக்கமே மீளாய்வுக்கு உள்ளாகியிருப்பதால், இவ்வேறுபாடு விரைவில் தீரக்கூடியதன்று.

அதியமான் நெடுமான் அஞ்சி தகடூரை, அதாவது இன்றைய தர்மபுரியை ஆண்டவர், ஔவையாரின் புரவலர். அவரது கல்வெட்டு திருக்கோவிலூருக்கு அருகில் ஏன் உள்ளது என்ற கேள்வி இயல்பானது. திருக்கோவிலூர் மலையமான்களின் கோவலூர். அதியமான் கோவலூரை வென்ற செய்தி புறநானூற்றில் ஔவையாரின் பாடலால் தெரியவருகிறது. வென்ற நிலத்தில் துறவியர்க்கு உறைவிடம் அளித்துத் தன் பெயரைப் பொறித்தான் என்பது பொருத்தமான விளக்கம். சங்கப் பாடல்களின் மன்னர்கள் கற்பனை மாந்தர் என ஒதுக்குவோர்க்கு இப்பாறை எளிதில் கடந்து செல்ல இயலாத ஒரு தடை.

தொண்டூரும் நெகனூர்ப்பட்டியும்

செஞ்சி வட்டத்திலுள்ள தொண்டூர்க் குன்றில் கற்படுக்கைகளும், பார்சுவநாதர் சிற்பமும், கி.பி. மூன்றாம் நூற்றாண்டைச் சேர்ந்த கல்வெட்டும் உள்ளன. அகழூரின் அறமாக மோசி என்பவர் செய்த அதிட்டானம் என அது கூறுகிறது. அதிட்டானம் என்பது இருக்கையைக் குறிக்கும் வடசொல். மோசி என்ற பெயர் முடமோசியார், மோசிகீரனார் ஆகிய சங்கப் புலவர் பெயர்களிலும் காணப்படுகிறது. இங்கு கொடையளித்தவர் அரசரல்லர், ஓர் ஊர். அகலூர் என்ற பெயருடன் அவ்வூர் தொண்டூருக்கு அருகிலேயே இன்றும் இருக்கிறது.

நெகனூர்ப்பட்டிக் கல்வெட்டு கி.பி. நான்காம் நூற்றாண்டினது. பெரும்பொகழைச் சேர்ந்த சேக்கந்தியின் தாயார் சேக்கந்தண்ணி செய்வித்த பள்ளி என்பது இதன் செய்தி. பெரும்பொகழ் என்பது செஞ்சிக்கு அண்மையிலுள்ள பெரும்புகை என அடையாளம் காணப்படுகிறது. கந்தி என்பது சமணப் பெண் துறவியரைக் குறிக்கும் சொல். சிலப்பதிகாரத்தின் கவுந்தியடிகள் பெயரை இதனுடன் ஒப்புநோக்குவர். மகள் துறவியாக, தாய் பள்ளி அமைத்த செய்தியாக இதனைக் கொள்ளலாம். அக்காலத் தமிழகத்தில் பெண்கள் தம் பெயரால் கொடை செய்ததற்கும், அதைக் கல்லில் பதித்ததற்கும் இது தெளிவான சான்று.

இவ்விரண்டிலும் எழுத்துகள் வளையத் தொடங்கிவிட்டன. பிராமியின் நேர்கோடுகள் வட்டெழுத்தாக மாறும் போக்கை இவ்வட்டாரக் கல்வெட்டுகளை வரிசையாக வைத்துப் பார்த்தாலே உணரலாம்.

பறையன்பட்டும் திருநாதர்குன்றும்

இவையிரண்டும் கி.பி. ஆறாம் நூற்றாண்டைச் சேர்ந்த தொல்வட்டெழுத்துக் கல்வெட்டுகள். இரண்டும் நிசீதிகைகள், அதாவது உண்ணாநோன்பிருந்து உயிர்துறந்த சமணத் துறவியரின் நினைவிடங்கள். பறையன்பட்டுக் கல்வெட்டு பாணாட்டு வச்சணந்தி ஆசிரியரின் மாணாக்கர் ஆராதன் நோற்று முடித்ததைக் குறிக்கிறது. மதுரையில் திராவிட சங்கத்தை நிறுவியதாகச் சமண நூல் கூறும் வச்சிரநந்தியும் இவரும் ஒருவரே எனப் பெயரொற்றுமை ஒன்றையே கொண்டு துணிவது பொருந்தாது.

திருநாதர்குன்று செஞ்சிக்கு வடக்கே சிங்கவரத்திற்கு அருகில் உள்ளது. பெரும் பாறையொன்றில் இருபத்து நான்கு தீர்த்தங்கரர்களும் வரிசைக்குப் பன்னிருவராக இரு வரிசைகளில் செதுக்கப்பட்டுள்ளனர். இங்குள்ள கல்வெட்டு ஐம்பத்தேழு நாள் அனசனம் நோற்ற சந்திரநந்தி ஆசிரியரின் நிசீதிகையைக் குறிக்கிறது. 'ஐ' என்னும் உயிரெழுத்து இடம்பெறும் மிகப் பழைய தமிழ்க் கல்வெட்டுகளுள் இதுவும் ஒன்று. எழுத்து வரலாறு கற்போர் இதைத் தவறாது குறிப்பிடுவர். ஆனால் அந்த எழுத்து இங்கு வந்ததற்குக் காரணம் ஒரு மனிதர் உணவின்றிக் கழித்த நாள்களின் எண்ணிக்கை. பிற்காலத்தைச் சேர்ந்த மற்றொரு கல்வெட்டு, முப்பது நாள் நோன்பிருந்த இளையபடாரர் என்பவரைக் குறிப்பிடுகிறது.

இக்கல்வெட்டுகளுக்கு உரிய சமயம் இவ்வட்டாரத்தில் அற்றுப்போகவில்லை. நயினார் எனப்படும் தமிழ்ச் சமணர்கள் செஞ்சி, திண்டிவனம், வந்தவாசிப் பகுதிகளில் வாழ்கின்றனர். அவர்களது மடம் திண்டிவனத்திற்கும் செஞ்சிக்கும் இடையே மேல்சித்தாமூரில் அமைந்துள்ளது.

ஆற்றின் முகத்துவாரத்தில் காலக்கணிப்பு

குகைக் கல்வெட்டுகளில் ஆண்டு குறிக்கப்படுவதில்லை. எழுத்தின் உருவத்தைக் கொண்டு காலம் கணிக்க வேண்டுமெனில், காலம் தெரிந்த ஓரிடத்தில் அதே எழுத்து கிடைக்க வேண்டும். அவ்வாறு கிடைத்த இடங்களுள் ஒன்று அரிக்கமேடு. செஞ்சிக் குன்றுகளின் நீரைக் கொண்டுவரும் செஞ்சியாற்றின் கிளையான அரியாங்குப்பம் ஆற்றங்கரையில், புதுச்சேரிக்குத் தெற்கே இது உள்ளது.

மார்ட்டிமர் வீலர் 1945 இல் அங்கு அகழ்ந்தபோது, தமிழ்ப் பிராமி பொறித்த பானை ஓடுகளுடன் அரெட்டைன் எனப்படும் பளபளப்பான சிவப்பு மட்கலங்களும் கிடைத்தன. அவற்றின் அடியில் விபியி, காமுரி, இட்டா என்ற குயவர் முத்திரைகள் இருந்தன. இவ்வகைக் கலங்கள் புழக்கத்திலிருந்த காலம் இத்தாலியச் சான்றுகளால் தெரியும் என்பதால், அவற்றைக் கொண்டு அரிக்கமேட்டின் அடுக்குகளுக்கும், அதன் வழியே தென்னிந்தியத் தொல்லியலின் பெரும்பகுதிக்கும் வீலர் காலம் வகுத்தார். விமலா பெக்லி 1989 முதல் 1992 வரை நடத்திய அகழாய்வுகள், குடியிருப்பு வீலர் கருதியதைவிட முன்னரே தொடங்கிப் பின்னரும் நீடித்ததைக் காட்டின.

அரெட்டைன் என்ற பெயர் இன்றைய அரெசோ நகரின் பழம்பெயரான அரெட்டியம் என்பதிலிருந்து வந்தது. அது எத்துருசுக்கரின் பழைய நகரங்களுள் ஒன்று. அக்கலங்கள் கடல் கடந்து வந்த காலத்தில் அந்நகரம் உரோமமயமாகி, எத்துருசுக்க மொழி வழக்கொழிந்து கொண்டிருந்தது. உரோமப் பேரரசர் கிளாடியசு எத்துருசுக்கரைப் பற்றி இருபது நூல்கள் எழுதினார். அவை அனைத்தும் அழிந்துவிட்டன.

பிற தொல்லெச்சங்களும் பாதுகாப்பும்

கல்வெட்டுகளுக்கு முற்பட்ட சின்னங்களும் இவ்வட்டாரத்தில் உள்ளன. விழுப்புரத்திற்கு மேற்கே கீழ்வாலையில் இரத்தப் பாறை என மக்கள் அழைக்கும் பாறையில் செங்காவி ஓவியங்கள் காணப்படுகின்றன. பறவை முகம் கொண்ட மனிதர்கள், விலங்கின் மீது அமர்ந்தவர், படகு ஆகியவற்றுடன் சில குறியீடுகளும் உள்ளன. இவற்றைச் சிந்துவெளி எழுத்துடன் ஒப்பிடுவோர் உண்டு. குறியீடுகள் மிகச் சிலவே என்பதால் உருவ ஒற்றுமைக்கு மேல் எதையும் நிறுவ இயலாது. செத்தவரையிலும் பாறை ஓவியங்கள் உள்ளன. உடையார்நத்தத்தில் விசிறிப் பாறை எனப்படும் மனித உருவப் பெருங்கற்சின்னம் நிற்கிறது.

இவையனைத்திற்கும் பொதுவான இடர் ஒன்று உண்டு. விழுப்புரம் மாவட்டக் குன்றுகள் கட்டுமானக் கற்களுக்கும் சல்லிக்கும் உடைக்கப்படும் குன்றுகளாகும். அகழாய்வுக் குழியில் பானை ஓடு ஒன்று தவறினால் பக்கத்துக் குழியில் மற்றொன்று கிடைக்கலாம். பாறைக் கல்வெட்டுக்கு மறுபடி இல்லை. வெயிலிலும் மழையிலும் தேய்ந்து வரும் ஆழமற்ற எழுத்துகளின் மீது பெயர்களைக் கீறுவதும் வண்ணம் பூசுவதும் படிப்பதற்கே தடையாகின்றன. கல்வெட்டின் மைப்படிகளும் ஒளிப்படங்களும் வாசகத்தைக் காக்கும். எனினும் ஜம்பைக் கல்வெட்டின் மெய்ம்மை குறித்து ஐயம் எழுந்தபோது, பாறையின் எழுத்தையே நேரில் நோக்க வேண்டியிருந்தது.