ஈயத்தகட்டில் எழுதிய கட்டு

கற்பனை உலகங்களைப் படைத்துக் காட்டும் புதினங்களில், ஒருவரை மந்திரத்தால் கட்டும் சடங்கு தவறாது இடம்பெறுவதை வாசகர் அறிவர். 1954-55ஆம் ஆண்டுகளில் வெளிவந்த டோல்கீனின் 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' அவற்றுள் பெரிதும் அறியப்பட்டது. எரிமலையின் நெருப்பில் சௌரான் ஒரு மோதிரத்தை வார்க்கிறான். தன் ஆற்றலின் பெரும்பகுதியை அதனுள் செலுத்துகிறான். பிற மோதிரங்களை அணிந்தோரைத் தன் விருப்பத்திற்குள் கட்டுவதே அதன் நோக்கம். வலியவன் ஒருவன் பலரைக் கட்டும் சடங்கு இது. வரலாற்றில் இச்சடங்கு எவ்வாறு நிகழ்ந்தது, யார் யாரைக் கட்டினர் என்பதை நாம் இங்கே காண முயல்வோம்.

மத்தியதரைக்கடல் நாடுகளில் இதற்குச் சான்றுகள் ஏராளமாகக் கிடைத்துள்ளன. கிரேக்கர் இதனைக் 'கதாதெஸ்மோஸ்' என்றனர்; கீழே கட்டுதல் என்பது பொருள். 'தெஃபிக்ஸியோ' என்னும் இலத்தீன் சொல்லுக்கு ஆணியால் அறைந்து நிறுத்துதல் என்று பொருள். சிசிலித் தீவின் செலினஸ் நகரில் கி.மு. 500ஐ ஒட்டிய காலத்துத் தகடுகள் கிடைத்தன. இன்றுவரை வெளிப்பட்டவை 1,500க்கும் மேற்பட்டவை.

சடங்கின் முறை எளியது. காரீயத்தை மெல்லிய தகடாகத் தட்டி, கூரிய எழுத்தாணியால் பகைவரின் பெயரையும், கட்ட வேண்டிய உறுப்புகளையும் கீறுவர். சிலபோது எழுத்துகளைத் தலைகீழ் வரிசையில் எழுதுவர். பின் அதனைச் சுருட்டியோ மடித்தோ, ஆணியால் துளைத்து, கல்லறையிலோ கிணற்றிலோ இடுவர். காலத்திற்கு முன் இறந்தோரின் ஆவி அமைதியற்று அலையும் என்றும், அது செய்தியைப் பாதாளத் தெய்வங்களிடம் சேர்க்கும் என்றும் நம்பினர். ஈயத்தைத் தேர்ந்ததற்கும் காரணம் உண்டு. வெள்ளிச் சுரங்கங்களின் கழிபொருளாதலின் அது மலிவாகக் கிடைத்தது. அன்றியும் அது குளிர்ந்தது, கனமானது, ஒளியற்றது. இந்த ஈயம் போலப் பகைவனின் நாவும் குளிர்ந்து பயனற்றுப் போகட்டும் என்று வேண்டும் தகடுகள் உள்ளன.

நாவைக் கட்டுவானேன்? பண்டைய ஏதென்சில் வழக்காடுவோர், நூற்றுக்கணக்கான நடுவர்களின் முன் தாமே எழுந்து பேச வேண்டும். பேச்சுத் தடுமாறினால் வழக்குத் தோற்கும். எனவே எதிராளியைக் கொல்ல வேண்டுவதினும் அவன் வாயைக் கட்ட வேண்டுவோரே மிகுதி. ஏதென்சின் கெராமெய்க்கோஸ் இடுகாட்டில், கைகள் பின்புறம் கட்டப்பட்ட ஈயப் பாவை ஒன்று சிறிய ஈயப்பெட்டிக்குள் கிடைத்தது. கி.மு. 400ஐ ஒட்டிய அப்பெட்டியின் மூடியில் வழக்கின் எதிராளிகள் பெயர்களும், அவர்க்குத் துணை நிற்போர் எவராயினும் கட்டுண்க என்ற கருத்தும் எழுதப்பட்டிருந்தன.

பிரித்தானியாவின் பாத் நகரில் காட்சி வேறு. அங்குள்ள வெந்நீர் ஊற்றிலிருந்து 1979-80ஆம் ஆண்டுகளில் ஏறத்தாழ 130 தகடுகள் எடுக்கப்பட்டன. ரோஜர் டாம்லின் அவற்றைப் படித்து 1988இல் வெளியிட்டார். சுலிஸ் மினர்வா என்னும் தெய்வத்திடம் மக்கள் இட்ட முறையீடுகள் அவை. தொசிமெதிஸ் என்பவர் இரு கையுறைகளைப் பறிகொடுத்தார்; திருடியவன் அறிவையும் கண்களையும் இழக்க வேண்டுமென்கிறார். வேறொருவர் இழந்தது ஆறு வெள்ளிக்காசுகள். திருடன் யாரென்று தெரியாதாகையால், ஆணோ பெண்ணோ, அடிமையோ அல்லாதவரோ என எவரும் தப்பாதவாறு இணைச்சொற்களை அடுக்குகின்றனர். ஒரு கையுறைக்காகக் கண்ணைக் கேட்பது நமக்கு மிகையாகத் தோன்றலாம். ஆனால் திருடனைத் தேடிப் பிடித்துத் தரும் காவல்துறை அன்று இல்லை என்பதையும், எளியவனுக்கு அப்பொருளின் மதிப்பையும் சேர்த்தே எண்ண வேண்டும்.

டோல்கீனுக்கு அருகில் வரும் தகடு ஒன்றும் உண்டு. குளூஸ்டர்ஷயரின் லிட்னி பூங்காவில் நோதென்ஸ் என்னும் தெய்வத்தின் கோயில் இருந்தது. அங்குக் கிடைத்த தகட்டில், சில்வியானஸ் தன் மோதிரம் தொலைந்ததை முறையிடுகிறார். அதன் மதிப்பில் பாதியைத் தெய்வத்திற்கு நேர்கிறார். செனிசியானஸ் என்னும் பெயருடையோர்க்கு, மோதிரம் கோயிலுக்கு வந்து சேரும்வரை உடல்நலம் அருளாதே என்கிறார். 1785இல் சில்செஸ்டர் அருகே உழுநிலத்தில் கிடைத்த பொன்மோதிரத்தில் செனிசியானஸ் என்ற பெயரே பொறிக்கப்பட்டிருந்தது. இரண்டும் ஒரே மோதிரத்தைக் குறிப்பன என்பது நிறுவப்படவில்லை. மார்டிமர் வீலர் 1928-29இல் அக்கோயிலை அகழ்ந்தார். 1932இல் வெளியான அறிக்கையில் நோதென்ஸ் என்ற பெயரின் சொல்லாராய்ச்சியை எழுதியவர் டோல்கீன். அவருடைய கதைமோதிரம் இதிலிருந்து பிறந்தது என்பார் உளர். அதற்கு நேர்ச்சான்று இல்லை. நமக்கு முதன்மையானது வேறுபாடே. சௌரானின் மோதிரம் கட்டும் கருவி. சில்வியானசின் மோதிரமோ, பறிகொடுத்தவன் கட்டுப்போடக் காரணமான பொருள்.

இதனால் கட்டுமந்திரம் எளியோரின் கருவி மட்டுமே என்று முடிவு கட்டிவிட இயலாது. நாடோடிக் குறிசொல்வோர் செல்வர் வீட்டு வாயிலில் நின்று இதனை விற்க முன்வந்ததைப் பிளேட்டோ 'குடியரசு' நூலில் கடிந்துரைக்கிறார். கி.பி. 19இல் இறந்த உரோம இளவரசர் ஜெர்மானிக்கசின் இல்லத்தில் அவர் பெயரெழுதிய ஈயத்தகடுகள் கிடைத்தனவென்று தாசிட்டஸ் எழுதுகிறார். எகிப்தில் கிடைத்து, இன்று பாரிசின் லூவர் அருங்காட்சியகத்தில் உள்ள களிமண் பெண்பாவை இன்னும் கொடியது. கைகால் கட்டுண்ட அதன் உடலில் 13 ஊசிகள் குத்தப்பட்டுள்ளன. ஒரு பெண் தன்னைத் தவிர எவரையும் நாடாதிருக்க, உண்ணவும் பருகவும் இயலாது தவிக்க வேண்டும் என்று உடனிருந்த தகட்டில் ஓர் ஆண் கேட்கிறான். இங்கே கட்டுபவன் முறையீட்டாளன் அல்லன். ஒரு சிறிய சௌரான்.

ஆகவே சடங்கு ஒன்றே. நின்ற இடங்கள் வேறு. நீதிமன்றம் எட்டாத இடத்தில் அது முறையீடாயிற்று. மறுக்கும் உரிமையைப் பிறர்க்கு வழங்காத இடத்தில் அது வன்முறையாயிற்று. பாத் தகடுகளை எழுதியோர் கற்பனைக் கதைகளில் பெரும்பாலும் வருவதில்லை. கையுறை இழந்த தொசிமெதிசின் பெயரோ, அவர் நீரிலிட்ட தகட்டில்தான் எஞ்சியிருக்கிறது. இனி ஒரு புதினத்தில் மந்திரக் கட்டினைப் படிக்கும்போது, கட்டுபவனின் ஆற்றலை வியப்பதற்கு முன், அவன் எதை இழந்தவன் அல்லது யாரிடமிருந்து எதைப் பறிக்க வந்தவன் என்று கேட்டுப் பார்க்கலாம்.