சந்தேகத்தைச் சுமப்பவர்கள்: குற்றத் தொடர்களில் துணை நடிகை

தமிழ்த் தொலைக்காட்சியின் மர்மத் தொடர்களைப் பற்றிய எழுத்துகளில் இயக்குநருக்கும் கதாசிரியருக்கும் கிடைக்கும் கவனம் துணை நடிகையருக்குக் கிடைப்பதில்லை. இது பெரிய குறை. குற்றக் கதையில் ஊரார் எல்லோருமே சந்தேகத்துக்கு உரியவர்கள். அந்தச் சந்தேகத்தை வாரக்கணக்கில் கலையாமல் காப்பவை துணைப் பாத்திரங்களே. அந்த வேலைக்கு வேண்டிய பயிற்சியை நம் நடிகையருக்குத் தந்தது நகைச்சுவை மரபு என்பதே இக்கட்டுரையின் வாதம்.

கே. பாலசந்தரின் மின்பிம்பங்கள் நிறுவனம் தயாரித்து, இந்திரா சௌந்தர்ராஜன் எழுதி, நாகா இயக்கிய ‘மர்ம தேசம்’ வரிசையில் ‘விடாது கருப்பு’ 1997இல் சன் தொலைக்காட்சியில் வந்தது. ஊரில் நடக்கும் கொலைகள் கருப்பரின் தண்டனையா, மனிதரின் கைவேலையா என்பதே கதையின் முடிச்சு. கருப்பர் கோயில்கள் நிறைந்த சிவகங்கைச் சீமையில் இந்தக் கேள்வி வெறும் கற்பனை ஆகிவிடாது. சாமி பெயரில் செய்த சத்தியத்தை மீற அஞ்சும் மக்களுக்கு, கருப்பரைப் பற்றி ஒரு கிழவி சொல்லும் சொல் சாட்சியத்துக்கு நிகர்.

அத்தொடரில் மூதாட்டியாக நடித்தவர் சி. டி. ராஜகாந்தம். காரைக்குடியைச் சேர்ந்த ஏ. வி. மெய்யப்பனின் ‘சபாபதி’யில் (1941) காளி என். ரத்னத்துக்கு இணையாக வந்து சிரிக்கவைத்தவரும் இவரே. இரண்டுக்கும் இடையே அரை நூற்றாண்டுக்கு மேல். சினிமா கைவிட்ட முதியவர்களுக்குச் சின்னத்திரை இடம் கொடுத்தது, அவ்வளவுதான் என்று சிலர் சொல்லக்கூடும். அவர் ஏன் கிடைத்தார் என்பதற்கு அது விடையாகலாம்; அந்த வேடம் ஏன் நிலைத்தது என்பதற்கு ஆகாது. சிரிப்பை வரவழைப்பவர் வார்த்தையை எங்கே நிறுத்துவது, எதை முந்திச் சொல்லாமல் வைத்திருப்பது என்று அறிந்தவர். மர்மக் கதை கேட்பதும் அதையேதான்.

இந்தப் பயிற்சி நாடக மேடையிலிருந்து வந்தது. செட்டிநாட்டுப் பள்ளத்தூரில் வளர்ந்த மனோரமா, மேடையில் ‘பள்ளத்தூர் பாப்பா’ என்று பெயரெடுத்து, பிறகு எஸ். எஸ். ராஜேந்திரனின் குழுவில் நடித்துச் சினிமாவுக்கு வந்தவர். எதிரே உட்கார்ந்திருக்கும் கூட்டத்தின் மூச்சை அளந்து வசனத்தை விடும் திறமை அவருக்கு அங்கே படிந்தது. ‘புதிய பாதை’க்காக அவர் பெற்ற தேசிய விருது துணை நடிகைக்கு உரியது என்பதை அவருடைய நகைச்சுவையை மட்டும் போற்றுவோர் மறந்துவிடுகிறார்கள். ஒரே நடிகை சிரிக்கவும் வைப்பார், அடுத்த காட்சியில் கலங்கவும் வைப்பார்.

என் வாதத்துக்கு வலுவான சான்று தேவதர்ஷினி. அவர் வந்த திசை நேர் எதிர். ‘விடாது கருப்பு’வில் காரணம் தேடும் மருத்துவர் ரீனாவாக அறியப்பட்ட பிறகே ‘பார்த்திபன் கனவு’ (2003) படத்தின் நகைச்சுவைக்காகத் தமிழக அரசின் விருது பெற்றார். மர்மத்திலிருந்து நகைச்சுவைக்கு இவ்வளவு இயல்பாக ஒருவர் நடந்துபோக முடிகிறதென்றால், இரண்டும் ஒரே கைத்திறனின் இரு பயன்கள் என்றே கொள்ள வேண்டும்.

2021இல் வந்த ‘தி ஃபேமிலி மேன்’ இணையத் தொடரின் இரண்டாம் பருவத்தில் அவர் மீண்டும் குற்ற விசாரணைக்குத் திரும்பினார். ஈழத் தமிழர் சித்திரிப்புக்காகத் தமிழக அரசே தடை கோரிய தொடர் அது. அந்த எதிர்ப்பின் நியாயத்தை நான் மறுக்கவில்லை. ஆயினும் வடக்கிலிருந்து வரும் குழுவோடு சேர்ந்து துப்புத் துலக்கும் சென்னைக் காவல் அதிகாரி உமையாளை அவர் அலட்டலின்றி, வேலை தெரிந்த ஒருத்தியாக நிறுத்தினார். ரீனா ஊருக்கு வெளியிலிருந்து கேள்வி கேட்டவள். உமையாளுக்கோ ஊரும் தெரியும், அதிகாரமும் உண்டு. கதைக்குள் அந்தப் பெண்ணின் தகுதி இவ்வளவு உயர்ந்திருக்கிறது. எனினும் வழக்கின் பெருமை நாயகனுக்கே போகிறது. உமையாள் 2021இலும் துணைப் பாத்திரம்தான்.