வேங்கடத்து அடிவாரமும் மூன்றாம் பாலும்

தமிழகத்தின் வட எல்லை வேங்கடம் எனத் தொல்காப்பியப் பாயிரம் வரையறுத்துச் சொல்கின்றது. அம்மலையின் அடிவாரத்தில் வாழும் பேறு பெற்றவர் நாம். இந்நிலம் பல கைகள் மாறியது. ஆங்கிலேயர் காலத்தில் சித்தூர், வட ஆர்க்காடு மாவட்டத்தின் தலைநகராக விளங்கிற்று. 1911இல் சித்தூர் தனி மாவட்டமாயிற்று. 1953இல் ஆந்திர மாநிலம் பிறந்தபோது இப்பகுதி அதனுடன் சென்றது. 1960இல் திருத்தணி தமிழகத்தை அடைந்தது. திருப்பதி ஆந்திரத்திலேயே நின்றது. 2022இல் திருப்பதியும் தனி மாவட்டமாகிவிட்டது. எல்லைக் கோடுகள் இங்ஙனம் இடம்பெயர்ந்தபோதும் மக்கள் இருந்த இடத்திலேயே இருந்தனர். வீட்டில் ஒரு மொழி, வீதியில் ஒரு மொழி என்று வாழக் கற்றுக்கொண்டனர்.

நிலத்துக்கு எல்லை வகுத்தது போலவே மனிதர் பிறப்புக்கும் ஆண், பெண் என எல்லை வகுத்திருக்கின்றனர். அந்த எல்லைக்கோட்டின் மீதே பிறந்து, அதன் மீதே வாழ்ந்து மறைந்த மக்களும் உளர். அவர்தம் வரலாற்றை நம் வட்டாரத்தை முன்னிறுத்திச் சிறிது எண்ணிப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம். குடும்பத்தார் அனைவரும் படிக்கும் சங்க மலரில் இப்பொருள் தகுமோ என அன்பர் சிலர் ஐயுறலாம். நம் இலக்கண ஆசிரியர்கள் இப்பொருளைப் பேசக் கூசியவர் அல்லர் என்பதே அவர்க்கு நம் விடை.

இலக்கணம் கண்ட மக்கள்

தமிழ் இலக்கணம் உலகப் பொருள்களை உயர்திணை, அஃறிணை என இரண்டாகப் பகுக்கின்றது. தொல்காப்பியர் சொல்லதிகாரத்தின் தொடக்கத்திலேயே, ஆண்மை திரிந்தாரைக் குறிக்கும் பெயர்களுக்கு இடம் தருகின்றார். இவர்க்கெனத் தனியே ஓர் ஈறு இல்லை எனினும், உயர்திணைக்குரிய ஈறுகளையே இவர்க்கு வழங்குக என்பது அவர் கூறும் விதி. அதாவது, இவர்கள் மக்கள். மக்களைப் பேசும் மொழியிலேயே இவர்களையும் பேசவேண்டும் என்பது பெறப்படும்.

பதின்மூன்றாம் நூற்றாண்டில், சீயகங்கன் என்னும் சிற்றரசன் வேண்ட நன்னூல் செய்த பவணந்தி முனிவர் இன்னும் ஒரு படி மேலே செல்கின்றார். பெண் தன்மை நீங்கி ஆண் தன்மையை விரும்புவோர் ஆண்பாலாகக் கொள்ளப்படுவர். ஆண் தன்மை நீங்கிப் பெண் தன்மையை விரும்புவோர் பெண்பாலாகக் கொள்ளப்படுவர் என்பது அவர் தரும் விளக்கம். பிறந்த உடலை நோக்காது, விரும்பிய தன்மையை நோக்கிப் பால் வகுத்த இவ்விதியை எண்ணுந்தோறும் வியப்பே மேலிடுகின்றது. எனினும் உண்மையை மறைத்தல் ஆகாது. இவ்விரு சாராரையும் அஃறிணை போலவும் கொள்ளலாம் என்று ஒரு வழியையும் அதே நூற்பா திறந்து வைத்திருக்கின்றது. ஏற்பும் இழிவும் ஒரே நூற்பாவில் அருகருகே நிற்கின்றன. பிற்கால வரலாறு முழுவதும் இவ்விரு வழிகளுக்கும் இடையே நிகழ்ந்த இழுபறி எனலாம்.

இலக்கியத்திலும் இதே நிலைதான். மாதவி ஆடிய பதினொரு ஆடல்களுள் பேடிக்கூத்தும் ஒன்று எனச் சிலப்பதிகாரம் பேசுகின்றது. புகார் வீதியில் பேடி ஆடிய ஆடலை மக்கள் சூழ நின்று கண்ட காட்சியை மணிமேகலை வரைந்து காட்டுகின்றது. வள்ளுவரோ, அவைக்கு அஞ்சுவான் கற்ற கல்விக்குப் பேடியின் கையிலுள்ள வாளை உவமை ஆக்கினார். பேடி என்னும் இச்சொல் தெலுங்கிலும் உண்டு. வேங்கடத்தின் இரு புறத்தாரும் இம்மக்களை ஒரே பெயரால் அறிந்திருந்தனர் என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டுமோ?

கங்கம்மா ஜாத்திரை

ஏட்டில் கண்டதை விட்டு இனி நம் ஊர் வீதிக்கு வருவோம். திருப்பதியில் தாத்தய்யகுண்டாவில் கோயில் கொண்டிருப்பவள் கங்கம்மா. திருமலையப்பனின் தங்கை என்று ஊரார் அவளைப் போற்றுகின்றனர். திருமலையிலிருந்து அவளுக்குப் பிறந்த வீட்டுச் சீராக மஞ்சள், குங்குமம், சேலை ஆகியன வருகின்றன. ஆண்டுதோறும் மே மாதத்தில் ஒரு வார காலம் அவள் ஜாத்திரை நடைபெறுகின்றது. செவ்வாய் இரவில் ஊர் சாட்டியபின், நாளுக்கொரு வேடமாக அம்மன் வீதியுலா வருகின்றாள். கைகால மரபைச் சேர்ந்த ஆடவரே வழிவழியாக இவ்வேடங்களைத் தாங்குகின்றனர்.

இதன் வரலாறு நம்மிற் பலர் கேட்டதே. இவ்வூரை ஆண்ட பாளையக்காரன் ஒருவன் கன்னிப் பெண்களுக்குத் தீங்கிழைத்து வந்தான். அவனை அழிக்கப் பிறந்த அம்மன், அவளைக் கண்டு அஞ்சி அவன் ஒளிந்து கொள்ளவே, நாளுக்கொரு வேடம் பூண்டு தேடினாள். பைராகியாக, பண்டனாக, தோட்டியாகத் தேடி, முடிவில் தொரை வேடம், அதாவது மன்னன் கோலம், கொண்டபோது அவன் வெளிப்பட்டான், மாண்டான். மறுநாள் மாதங்கி வேடத்தில் சென்று அவன் மனைவிக்கு அம்மனே ஆறுதலும் கூறினாள் என்பர்.

இங்கே ஒரு நுட்பம் உண்டு. தொரை வேடத்தில் வருபவர் யார்? ஆடவர் ஒருவர் அம்மனாகின்றார். அந்த அம்மன் ஆடவனாக வேடம் புனைகின்றாள். ஆண், பெண், மீண்டும் ஆண் என மூன்று நிலைகள் ஓர் உடலில் அடுக்கி வருகின்றன. கைகூப்பி நிற்கும் மக்கள் எவர்க்கும் இதில் குழப்பம் இல்லை.

அது மட்டுமன்று. ஊரிலுள்ள ஆடவர் பலரும் வேண்டுதலின் பொருட்டுச் சேலையுடுத்தி, பூச்சூடி, வளையலணிந்து அம்மன் சந்நிதிக்கு வருகின்றனர். நோய் நீங்கியவர், பிள்ளைப் பேறு கிட்டியவர், தந்தை நேர்ந்துகொண்ட கடனைத் தீர்க்கும் மைந்தர் எனப் பல திறத்தார் அவருள் உண்டு. மனைவியர் கணவன்மார்க்குச் சேலை மடிப்பைச் சரிசெய்து விடுவதை நாம் நேரில் கண்டிருக்கின்றோம். அமெரிக்காவின் எமரி பல்கலைக்கழகப் பேராசிரியை ஜாய்ஸ் ஃப்ளூக்கிகர் இவ்விழாவைப் பல்லாண்டு ஆராய்ந்து 2013இல் ஒரு நூலை வெளியிட்டார். அவ்வாரத்தில் பெண்மையே உலகின் இயல்பாகிவிடுகின்றது என்பது அவர் கண்ட முடிவு.

மலைமேலும் இதே செய்திதான். திருமலைப் பிரமோற்சவத்தின் ஐந்தாம் நாள் காலையில் பெருமாள் மோகினிக் கோலத்தில் பல்லக்கில் எழுந்தருள்கின்றார். அன்றிரவு கருட சேவை. அப்பெருமானைப் பாடிய நம்மாழ்வார் பராங்குச நாயகியாகவும், திருமங்கையாழ்வார் பரகால நாயகியாகவும் தம்மைப் பெண்ணாகவே பாவித்துப் பாடினர். சித்தூர்ப் பக்கத்துத் தருமராசர் கோயில்களில் பாரதக் கூத்து நடக்கும் நாள்களில், பேடி வடிவில் மறைந்து வாழ்ந்த அருச்சுனனையும், களப்பலியான அவன் மகன் அரவானையும் நாம் காண்கின்றோம். அந்த அரவானுக்குத்தான் சித்திரைப் பௌர்ணமியில் கூவாகத்தில் திருநங்கையர் தாலி கட்டிக்கொண்டு, மறுநாள் அதனை அறுத்து அழுகின்றனர்.

ஒரு சாளரத்தின் இருபுறம்

இவ்வளவும் பெருமையாகச் சொல்லி முடித்துவிடலாம். ஆயின் நெஞ்சை உறுத்தும் நிகழ்ச்சி ஒன்றைச் சொல்லாமல் விடுதல் நேர்மையாகாது.

ஆண்டுகள் சில ஆயின. ஓர் அலுவலகத்தின் சாளரத்தருகே எழுத்தராக அமர்ந்திருந்தோம். ஜாத்திரை வாரம் அது. வரிசையில் நின்ற ஒருவர் விண்ணப்பத்தை நீட்டினார். படிவத்தில் இருந்தது ஆடவர் பெயர். எதிரே நின்றவரோ சேலையுடுத்திய திருநங்கை. “இது யாருடைய பெயர்?” என்று வினவினோம். “பள்ளிக்கூடத்தில் எழுதிய பெயர், ஐயா” என்றார் தாழ்ந்த குரலில். வரிசையில் ஒருவர் சிரித்தார்; பிறகு பலர் சிரித்தனர். நாமும் சிரித்தோம் என்பதே இன்றும் சுடுகின்றது. ஏதோ ஒரு சான்று குறைகின்றது என்று சொல்லிப் படிவத்தைத் திருப்பிக் கொடுத்தோம். அவர் ஒன்றும் பேசாது அகன்றார்.

அவர் அகன்ற பின் சாளரத்தின் வழியே வீதியை நோக்கினோம். சேலையுடுத்திய இளைஞர் இருவர் வேப்பிலை ஏந்திக் கோயிலை நோக்கிச் சென்றுகொண்டிருந்தனர். ஊர்தியை நிறுத்தி அவர்க்கு வழிவிட்டனர். எவரும் நகைக்கவில்லை. ஒரு வாரம் சேலையுடுத்தினால் அது பக்தி. வாழ்நாள் முழுதும் உடுத்தினால் அது நகைப்பு. இந்த நீதியை நமக்குக் கற்பித்தவர் யார்?

வேண்டுதலுக்காக வேடம் புனைவோர் அனைவரும் திருநங்கையர் அல்லர் என்பதை இங்கே தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். அவர் ஜாத்திரை முடிந்ததும் வேட்டிக்குத் திரும்புவோர். மற்றவர்க்குத் திரும்பிச் செல்ல வேறு கோலம் இல்லை. வேடத்தை வணங்கக் கற்ற ஊர், வாழ்வை மதிக்கக் கற்கவில்லை என்பதே நம் மனக்குறை.

சட்டம் வந்த வழி

இந்த நகைப்பைக் குற்றப் பதிவாக மாற்றியது ஆங்கிலேயர் ஆட்சி. 1860இல் இயற்றிய இந்திய தண்டனைச் சட்டத்தின் 377ஆம் பிரிவு, ஒரே பாலினர் கொண்ட உறவைச் சிறைத் தண்டனைக்குரியதாக்கிற்று. சென்னை மாகாணத்தின் பகுதியாகிய நம் சித்தூரும் அதன் கீழ் வந்தது. 1871ஆம் ஆண்டின் குற்றப் பரம்பரையினர் சட்டம் வட இந்தியாவில் அலிகள் என்று கருதப்பட்டோருக்குத் தனிப் பதிவேடு வைத்தது. நிசாம் ஆண்ட ஐதராபாத்திலும் 1919இல் அத்தகைய சட்டம் ஒன்று எழுந்தது. பதிவேட்டில் பெயர் உள்ளவர் பெண்ணுடையில் தெருவில் காணப்பட்டால் பிடியாணை இன்றியே அவரைச் சிறைப்படுத்தலாம் என்றது அது. ஒரே தெலுங்கு நிலத்தின் தென்கோடியில் பெண்ணுடை பூண்ட ஆடவர்க்கு வழிபாடு. வடபால் பெண்ணுடை பூண்டவர்க்குச் சிறை. அச்சட்டம் 2023ஆம் ஆண்டு சூலையில்தான் தெலங்கானா உயர்நீதிமன்றத்தால் செல்லாததாக்கப்பட்டது என்பதை அறியும்போது திடுக்கிடாமல் இருக்க முடியுமா?

மாற்றமும் படிப்படியாக வந்தது. 2008இல் தமிழ்நாடு அரசு திருநங்கையர்க்கென நல வாரியம் அமைத்தது. 2011ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஆண், பெண் அன்றி ‘பிறர்’ என்ற பிரிவில் நாடெங்கும் 4,87,803 பேர் எண்ணப்பட்டனர். பிரிவினைக்கு முந்தைய ஆந்திரத்தில் 43,769 பேர், தமிழ்நாட்டில் 22,364 பேர். 2014 ஏப்ரல் 15 அன்று உச்சநீதிமன்றம், தம் பாலினம் இன்னதென அறிவிக்கும் உரிமை அவரவர்க்கே உண்டு என்று தீர்ப்பளித்தது. எண்ணூறு ஆண்டுகட்கு முன் பவணந்தியார் சொன்ன விருப்பத்தின் வழியே நீதிமன்றமும் நடந்தது எனலாம். 2018 செப்டம்பர் 6 அன்று, வயது வந்தோர் மனம் ஒப்பிக் கொள்ளும் ஒருபால் உறவு குற்றமன்று என ஐந்து நீதிபதிகள் கொண்ட ஆயம் ஒருமனதாக உரைத்தது. 2019இல் மதுரை அமர்வு, திருமணச் சட்டத்தில் மணமகள் என்னும் சொல் திருநங்கையையும் குறிக்கும் என்றது. அவ்வாண்டிலேயே நடனக் கலைஞர் நர்த்தகி நடராஜ் பத்மஸ்ரீ விருது பெற்றார். எனினும் ஒரே பாலினர் மணத்துக்குச் சட்ட ஏற்பு வழங்க 2023இல் உச்சநீதிமன்றம் இணங்கவில்லை.

நிறைவாக

சட்டம் மாறலாம், படிவத்தில் ஒரு கட்டம் கூடலாம். வரிசையில் எழும் சிரிப்பை எந்தச் சட்டம் அடக்கும்? நம் பிள்ளைகள் கங்கம்மா ஜாத்திரையைக் காண நம் கைப்பிடித்து வருகின்றனர். சேலையுடுத்திய ஆடவரைக் கண்டு, “அது யார்?” என்று கேட்கின்றனர். அம்மனுக்கு வேண்டிக்கொண்டவர் என்று அன்போடு விளக்குகின்றோம். அதே பிள்ளை தெருமுனையில் ஒரு திருநங்கையைக் கண்டு அவ்வினாவை எழுப்பும்போது, வாயை மூடு என்று அதட்டி இழுத்துச் செல்கின்றோம். நாளை அப்பிள்ளைகளுள் ஒருவரே அந்த எல்லைக்கோட்டின் மீது நிற்பவராக இருந்தால், நம் அதட்டலை எங்ஙனம் மறப்பார்?

தாய்நிலத்தின் எல்லைக்கு அப்பால் வாழும் நமக்கு, இரண்டு புறத்தாராலும் அயலார் எனப்படும் வருத்தம் தெரியும். அவ்வருத்தம் தெரிந்தவர் பிறரை அயலாராக்கலாமா? பெரிதாக ஒன்றும் செய்ய வேண்டுவதில்லை. ‘அது’ என்று சொல்லாது ‘அவர்’ என்று சொன்னால் போதும். ‘அவர்’ என்னும் சொல் ஆணா பெண்ணா என்று கேட்பதில்லை. மதிப்பை மட்டுமே தருகின்றது. நன்னூல் காட்டிய இரு வழிகளுள் எவ்வழியில் நடப்பது என்பது நம் நாவின் பொறுப்பு.

மீண்டும் ஒருமுறை அவர் நம் சாளரத்தருகே வருவாரேல், எழுந்து நின்று, “அமருங்கள், உங்களை எப்பெயரால் அழைக்க வேண்டும்?” என்று கேட்போம். இன்றுவரை அவர் வரவில்லை.