மோன் பிளானும் மறக்கப்பட்ட டாக்டரும்

புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்த எங்களுக்கு மோன் பிளான் மலையின் உயரம் மனப்பாடம். 4,807 மீட்டர். தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வோம், பனியைக் கண்ணால் பார்த்திராத பிள்ளைகள்! அந்த எண்ணும் நிலையானது அல்ல என்று பிறகு தெரிந்தது. உச்சிப் பாறையின்மேல் பல மீட்டர் கனத்துக்குப் பனி மூடியிருக்கிறது. அது கூடும், குறையும். 2021-ல் அளந்தபோது 4,807.81 மீட்டர், 2023-ல் 4,805.59.

உயரத்தோடு ஒரு பெயரையும் மனப்பாடம் செய்தோம்: முதலில் ஏறியவர் ழாக் பல்மா. கூட இன்னொருவர் இருந்தார் என்பதை ஓய்வு பெற்ற பிறகுதான் படித்தேன். அவர் அடிவாரத்து ஊரான ஷமொனியின் மருத்துவர், மிஷேல் கப்ரியேல் பக்கார்.

அந்த ஊர் அப்போது பிரான்சிலேயே இல்லை. சார்தீனிய அரசருக்கு உட்பட்ட சவ்வா பகுதி. ஜெனீவா அறிஞர் சொசூர், உச்சிக்கு வழி கண்டுபிடிப்பவருக்குப் பரிசு என்று 1760-லேயே அறிவித்திருந்தார். இருபத்தாறு வருடம் யாராலும் முடியவில்லை. ஷமொனி சுமார் 1,035 மீட்டரில் இருக்கிறது. அங்கிருந்து ஏறக்குறைய 3,800 மீட்டர் ஏற வேண்டும். வழியெங்கும் பனியாற்று வெடிப்புகள். மேலே காற்றழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் பாதியைவிடச் சற்றே கூடுதல். தண்ணீர் 85 டிகிரியை ஒட்டியே கொதித்துவிடும்.

1786 ஆகஸ்ட் 7 அன்று இருவரும் புறப்பட்டார்கள். கயிறு இல்லை, ஏணி இல்லை, பனிக்கோடரி இல்லை. கையில் நீண்ட தடி மட்டும். பல்மாவுக்குப் பரிசின்மேல் கண். டாக்டருக்கோ காற்றழுத்தமானியை உச்சிக்குக் கொண்டுபோய் அளக்க வேண்டும். மறுநாள் மாலை 6.23-க்கு உச்சியை அடைந்தார்கள். இறங்கும்போது பனியின் ஒளி பட்டு டாக்டருக்குக் கண் தெரியாமல் போயிற்று.

பல்மா ஜெனீவாவுக்குப் போய்ப் பரிசை வாங்கிக்கொண்டார். பூரி என்ற எழுத்தாளர், தானே ஏற முயன்று தோற்றவர், எல்லாப் பெருமையும் பல்மாவுக்கே என்று எழுதிப் பரப்பினார். டாக்டரின் பங்கை ஒப்புக்கொண்டு பல்மா கையெழுத்திட்ட சான்று லோசான் பத்திரிகையில் வந்தது. யார் கவனித்தார்கள்? டாக்டர் அறிவித்த புத்தகமும் வெளிவரவில்லை. அலுவலகத்தில் நான் கண்டதுதான்: வேலை பார்த்தவர் ஒருவர், குறிப்பு எழுதியவர் இன்னொருவர், பாராட்டு மூன்றாமவருக்கு. இதில் வேடிக்கை, டாக்டர் பிறகு மணந்தது பல்மாவின் தங்கையை!

1827-ல் டாக்டர் இறந்தார். 1832-ல், ‘மூன்று துப்பாக்கி வீரர்கள்’ கதையைப் பின்னாளில் எழுதிய அலெக்சாந்தர் துமா ஷமொனிக்கு வந்தபோது, எழுபது வயது பல்மா கதையைத் தன் இஷ்டப்படி சொன்னார். துமா எழுதினால் கேட்க வேண்டுமா! எங்கள் பாடத்தில் இருந்ததும் அந்தக் கதைதான். 1887-ல் ஷமொனியில் வைத்த சிலையில் பல்மா உச்சியைச் சுட்டிக்காட்ட, சொசூர் பார்க்கிறார். டாக்டர் இல்லை.

ஆனால் அன்று ஷமொனியில் ஒரு ஜெர்மானியப் பிரபு தங்கியிருந்தார், கெர்ஸ்டோர்ஃப் என்று பெயர். தொலைநோக்கியில் இருவரையும் பார்த்தபடியே, நேரத்தையும் பாதையையும் குறித்துவைத்தார். மேலே சொன்ன 6.23 அவர் குறிப்பிலிருந்து வந்ததுதான். இருபதாம் நூற்றாண்டில் ஆய்வாளர்கள் அந்தக் குறிப்பேட்டைத் தேடி எடுத்து, டாக்டரின் பெயரை மீட்டார்கள்.

1986-ல், இருநூறு வருடம் கழித்து, ஷமொனியில் பக்காருக்கும் சிலை வைத்தார்கள். தனியாக உட்கார்ந்து உச்சியைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.