மூன்றிலும் தோல்வி

சிலாபத்தில கிரிக்கெட் கதை தொடங்கினா மேரியன்ஸ் கழகத்தின் பேர் வரும், பிறகு 1996 வரும். நாங்கள் பிறக்க முந்தியே உலகக் கிண்ணம் வென்ற வருஷம் அது. ஆனாலும் எங்களுக்கு மனப்பாடம். 1975 பற்றி யாரும் சொல்லித் தரவில்லை.

முதலாவது உலகக் கிண்ணம் அது. இங்கிலாந்தில் அனுர தென்னக்கோன் தலைமையில் ஆடிய இலங்கை மூன்று போட்டிகளிலும் தோற்றது. மேற்கிந்தியத் தீவுகளிடம் 86 ஓட்டங்களுக்குச் சுருண்டது. பாகிஸ்தானிடம் 192 ஓட்டங்களால் தோற்றது.

ஆனா ஜூன் 11, ஓவல் மைதானம் வேற கதை. அவுஸ்திரேலியா 60 ஓவரில் 328 அடித்தது. ஹெல்மெட் போடாத காலம். ஜெஃப் தொம்சனின் பந்து துலீப் மெண்டிஸின் தலையிலும் சுனில் வெத்தமுனியின் காலிலும் பட்டு, ரெண்டு பேரும் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். மிச்சப் பேர் விடவில்லை. 4 விக்கெட்டுக்கு 276 வரை கொண்டுபோனார்கள். தோற்றது 52 ஓட்டங்களால்தான்.

நாலு வருஷத்துக்குப் பிறகு, 1979 உலகக் கிண்ணத்தில் இந்தியாவை 47 ஓட்டங்களால் வென்றோம். அன்று வெத்தமுனி 67, மெண்டிஸ் 64. 1981இல் டெஸ்ட் அந்தஸ்து கிடைத்தது. 1985இல் முதல் டெஸ்ட் வெற்றி, அதுவும் இந்தியாவுக்கு எதிராகத்தான். தலைவர் யார் தெரியுமா? அதே மெண்டிஸ்.

அதனால 1975ஐ 'மூன்றிலும் தோல்வி' என்று ஒரே வரியில முடிக்கிறவர்களோட நாங்கள் உடன்படமாட்டோம். 1996 கதையை அங்கேயிருந்துதான் தொடங்க வேணும்.